வலிக்காத காலும் எட்டு நடைச் சங்கமும்

தெரபி சென்டருக்குப் புதிதாக வந்திருக்கும் பெண்களுக்கு,

நான் வேலையை விட்டு நின்ற அன்று நாலு வார்த்தை பேசச் சொன்னீர்கள். எழுந்தேன், "எல்லாரும் நல்லா இருங்க" என்றேன், உட்கார்ந்துவிட்டேன். கூட்டத்தைப் பார்த்தால் எனக்கு நாக்கு உள்ளே இழுத்துக்கொள்ளும். படித்தது அஞ்சாவதுதான். ஆனாலும் எழுத வரும். எழுதும்போது யாரும் என் முகத்தைப் பார்ப்பதில்லை என்பது பெரிய சௌகரியம். தப்பு இருந்தால் நீங்களே திருத்திப் படித்துக்கொள்ளுங்கள்.

ஒத்தடப் பை சுடவைப்பது, மெழுகு உருக்குவது, கட்டிலுக்குத் துணி மாற்றுவது எல்லாம் தானாகக் கை வந்துவிடும். அதற்கு நான் வேண்டாம். நம் ரூமுக்கு வருகிற ஆட்களைப் பற்றித்தான் ஒன்று சொல்ல வேண்டும். "ஐயோ செத்தேன்" என்று வாசலிலிருந்தே கத்திக்கொண்டு வருகிறவரைப் பார்த்துப் பதறாதீர்கள். கத்தத் தெரிகிறவருக்கு நரம்பு ஒழுங்காகச் சேதி சொல்லுகிறது. "எனக்கு எங்கியுமே வலிக்கலையே" என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு ஒருவர் வருவார் பாருங்கள், அவருக்கு முதலில் நாற்காலியைப் போடுங்கள். பிறகு குனிந்து அவர் காலைப் பாருங்கள்.

இதை எனக்குக் காட்டியது நம் சென்டரில் முன்பு இருந்த தெரபி மேடம். என்னைவிட ரொம்பச் சின்னவர். என்னை அக்கா என்பார். வாய் கொஞ்சம் காரம். பேரை எழுத வேண்டாம், அவருக்குப் பிடிக்காது.

அப்போது தோள் இறுகிப்போய் ஒரு அம்மா வந்துகொண்டிருந்தார். கோமதியம்மா, தென்காசிப் பக்கம். கையைப் பின்னால் கொண்டுபோக முடியாது, தலை வார முடியாது. சுவரில் கப்பி மாட்டியிருக்கிறோமே, அதன் அடியில் உட்காரவைப்போம். நல்ல கையால் கயிற்றை இழுத்தால் இறுகிய கை மேலே போகும். வலியில் முகம் கோணிக்கொள்ளும், வாய் மட்டும் நிற்கவே நிற்காது. வீட்டுக்காரர் சங்கரலிங்கம் சாரைப் பற்றித்தான் முக்கால்வாசிப் பேச்சும்.

சங்கரலிங்கம் சார் மைன்ஸில் கன்வேயர் பெல்ட் பக்கம் ஃபோர்மேனாக இருந்து ரிட்டயர் ஆனவர். ரிட்டயர் ஆனவர்கள் குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டும். மகளுக்கும் அங்கேயே பர்மனெண்ட் வேலை என்பதால் இவர்கள் மகள் பேரில் அதே பிளாக்கிலேயே இருந்துகொண்டார்கள்.

"நேத்து என்ன கூத்து தெரியுமா? பஜாருக்குப் போயிட்டு வாராவ, ஒத்தக் கால்லதான் செருப்பு இருக்கு. இன்னொண்ணு எங்கன்னா, 'எந்தச் செருப்பு?'ங்காவ. போயிப் பாத்தா காய்க்கடை வாசல்ல கெடக்கு. கழண்டதுகூடத் தெரியல மனுசனுக்கு!"

நான் சிரித்தேன்.

"வாஷ்பேசின்ல மூஞ்சி கழுவும்போது அதைக் கட்டிப்பிடிச்சுக்கிடுதாவ. கண்ணுல சோப்பு இருக்கிற வரைக்கும் விட மாட்டாவ. கரண்டு போச்சுன்னா வீட்டுல உள்ள மிசின் மாதிரி அவுகளும் நின்னுருவாவ. வந்தாத்தான் நகருவாவ."

இதற்கும் சிரித்தேன். பக்கத்துக் கட்டிலில் வேறொருவருக்கு முட்டியை மடக்கிக்கொண்டிருந்த மேடம் மட்டும் சிரிக்கவில்லை.

"ஐயாவுக்கு சுகர் இருக்காம்மா?"

"இருந்துச்சு. இப்ப மாத்திரைய நிறுத்திட்டாவ. அதான் எட்டு நடக்காவளே, கூழாங்கல்லுல."

இந்த எட்டு நடையை உங்களுக்குச் சொல்லியாக வேண்டும். அவர்கள் பிளாக் பார்க்கில் எட்டு மாதிரி வளைத்து ஒரு பாதை போட்டு, அதில் கூழாங்கல்லைப் பதித்திருந்தார்கள். ரிட்டயர் ஆன பெரியவர்கள் காலையில் வெறுங்காலோடு அதில் சுற்றுவார்கள். அதற்கு ஒரு சங்கம், சங்கத்துக்கு ஒரு தலைவர், தலைவருக்கு ஒரு விசில். வேலையை விட்டு எத்தனை வருஷமானாலும் கிரேடு பார்த்துத்தான் நடப்பார்கள். பெரிய ஆபீசர் முன்னால், அவருக்கு அடுத்தவர் பின்னால். ஃபோர்மேன் கடைசி.

ஆனால் கல்லுக்குக் கிரேடு தெரியாது. ஏறினதும் பெரிய ஆபீசர்கள் "ஆ", "ஊ" என்று கொக்கு மாதிரி காலைத் தூக்கினார்கள். சங்கரலிங்கம் சார் மட்டும் ஜமுக்காளம் விரித்த தரையில் போவதுபோல் போனார். "எப்படி சார்? வலிக்கலையா?" என்று கேட்டிருக்கிறார்கள். "வலியா? எனக்கா?" என்றிருக்கிறார். அன்றிலிருந்து அவர்தான் முன்னால். ஒரு காலத்தில் அவருடைய லீவு லெட்டரில் கையெழுத்துப் போடலாமா வேண்டாமா என்று யோசித்தவர்களெல்லாம் அவர் குதிகாலைப் பார்த்துக்கொண்டே பின்னால் நடந்தார்கள். சர்வீஸ் முழுக்கக் காத்திருந்தும் வராத ப்ரமோஷனைக் கூழாங்கல் கொடுத்துவிட்டது. யாருக்குத்தான் இறங்க மனசு வரும்?

பிறகு கூழாங்கல் போதவில்லை. மேல்வகுப்புக்காரர்களுக்கு என்று சொல்லி, பாதையின் ஒரு வளைவில் கருங்கல் ஜல்லியைக் கொட்டவைத்தார். அந்த மேல்வகுப்பில் அவர் ஒருவர்தான் இருந்தார்.

மேடம் கோமதியம்மாவிடம் சொல்லிப் பார்த்தார், ஐயாவை ஒரு நாள் கூட்டிவரச் சொல்லி. "வலிக்கவே வலிக்காதவன் தெரபிக்கு எதுக்கு வரணும்னு கேக்காவ" என்று பதில் வந்தது. டவுன்ஷிப்பே ஒத்துக்கொள்கிற பதில்தான்.

அப்புறம் சங்கத்திலிருந்தே ஆள் வந்தது. ஆண்டு விழாவாம், மேடம் சிறப்பு விருந்தினராக வந்து பாத நரம்பைப் பற்றிப் பேச வேண்டுமாம். இந்த மாதிரி விழாக்களுக்கு மேடம் போகவே மாட்டார். சால்வையைக் கண்டால் அலர்ஜி என்பார். அன்றைக்கு உடனே சரி என்றார். ஆட்டோவில் என்னையும் ஏற்றிக்கொண்டார்.

"அக்கா, நான் கண்ணைக் காட்டினதும் அந்த ஐயா பின்னாடி போய் நெருக்கமா நிக்கணும்."

எனக்கு உடம்பெல்லாம் கூசியது. "அத்தினி ஆம்பளைங்க பாத்துக்கினு இருப்பாங்க. நானா?"

"விழுவாரு. புடிக்க ஆள் வேணும்."

"கல்லு மேலயே நடக்கறவரு எதுக்கு விழுவாரு?"

"காலை அசைக்கறதுக்கு ஒரு ஒயரு இருக்கு. அந்தக் காலு இப்ப எங்க இருக்கு, என்னத்தை மிதிச்சிருக்குன்னு தலைக்குச் சொல்ல இன்னொரு ஒயரு. இவருக்கு ரெண்டாவது ஒயரு போயிடுச்சுன்னு நினைக்கிறேன். அதான் செருப்பு போனது தெரியல. கண்ணாலதான் நடக்கறாரு அக்கா. கண்ணை எடுத்துட்டா காலு இல்ல."

"அதை அவருகிட்ட சொல்லிட வேண்டியதுதான?"

"கூட்டத்துல சொன்னா கோவிச்சுக்கினு போயிடுவாரு. தனியா சொல்ல வரவே மாட்டாரு. கால்ல புண்ணு இருந்துச்சுன்னா காத்திருக்க நமக்கு நாளும் இல்ல. அவரே பாத்துத் தெரிஞ்சுக்கணும்."

வெளியூரில் பிறந்து வளர்ந்து வந்த மேடத்துக்கு எங்க ஊர் 'கினு' ஒட்டிக்கொண்டது அப்போதுதான் எனக்கு உறைத்தது. பயத்தில் இருக்கும்போது மனசு எதையாவது பிடித்துக்கொள்ளும்.

விழாவுக்குப் பந்தல், நாற்காலி, மைக், சுண்டல் எல்லாம் இருந்தது. வெயில் ஏறிய பிறகுதான் ஆரம்பித்தார்கள். தலைவர் மைக்கைப் பிடித்தார். மனித உடம்பில் உள்ள அத்தனை நரம்பும் பாதத்தில்தான் வந்து முடிகிறது என்றார். அப்படியானால் தலைக்கு ஒன்றும் மிச்சமில்லை போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். வாயைத் திறக்கவில்லை. எனக்கு அங்கே நாற்காலியும் போடவில்லை, சுண்டல் மட்டும் கொடுத்தார்கள்.

பிறகு சங்கரலிங்கம் சார் நடந்தார். வெயிலில் கல் தோசைக்கல்லாகிக் கிடந்தது. பின்னால் ஏறிய பெரியவர்கள் நாலடி வைத்துவிட்டுப் புல்லுக்குக் குதித்தார்கள். அவர் ஜல்லி வளைவிலும் சுற்றினார். கைதட்டல். நான் அவர் நடையைப் பார்த்தேன், மேடம் சொன்னதால்தான் பார்த்தேன். காலை அகட்டி வைத்து, தொப் தொப்பென்று அடித்து நடந்தார். கண் தரையை விட்டு எழும்பவே இல்லை. மாலை போடும்போதும் குனிந்தேதான் வாங்கிக்கொண்டார். அடக்கமான மனுஷர் என்று பக்கத்தில் யாரோ சொன்னார்கள்.

அடுத்தது மேடம் பேச வேண்டும். மைக்கைத் தள்ளிவைத்துவிட்டார்.

"பேச்சு எதுக்கு? சின்னதா ஒண்ணு செஞ்சு பாப்போம். எல்லாரும் சிமெண்ட் தரைக்கு வாங்க. ரெண்டு காலையும் சேத்து வச்சுக்கிட்டு, கையைக் கட்டிக்கிட்டு நில்லுங்க. கண்ணை மூடுங்க. அவ்வளவுதான்."

"அவ்வளவுதானா?" என்று சங்கரலிங்கம் சார் சிரித்தார். "சின்னப்புள்ளைய வெளாட்டால்ல இருக்கு!"

மேடம் எனக்குக் கண் காட்டினார். நான் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு அவர் முதுகுக்குப் பின்னால் போய் நின்றேன். அவ்வளவு வெட்கம் என் கல்யாணத்தன்றுகூட வரவில்லை.

எல்லோரும் கண்ணை மூடினார்கள். தொப்பைக்காரர், முட்டி வலிக்காரர், கல்லில் ஓரடிகூட வைக்காத தலைவர், அத்தனை பேரும் லேசாக ஆடினார்கள், ஆனால் நின்றார்கள். சங்கரலிங்கம் சார் கண்ணை மூடினதும் வெட்டின வாழை மாதிரி அப்படியே பின்னால் சாய்ந்தார். நான் இரண்டு கையாலும் கட்டிக்கொண்டேன். கனமான மனுஷர். அவரோடு சேர்ந்து நானும் தரையில் உட்கார்ந்தேன். மாலையும் கையுமாக என் மடியில் கிடந்தார்.

"இந்தம்மா பின்னாலேர்ந்து இழுத்துட்டாங்க!" என்றார்.

"ஆயாவை யாருய்யா உள்ள விட்டது?" என்றார் தலைவர், இன்னும் ஒரு கண்ணைத் திறக்காமல்.

சங்கமே ஒத்துக்கொண்டது. ஆயாதான் இழுத்துவிட்டாள். எனக்குக் கண்ணில் தண்ணீர் முட்டியது. மேடம் எனக்காக ஒரு வார்த்தை வாதாடவில்லை.

"சரிங்க ஐயா. அக்கா தூரப் போகட்டும். யாரும் கிட்ட வேணாம். நீங்க மறுபடியும் மூடுங்க."

நான் பத்தடி தள்ளிப் போனேன். அவர் காலைச் சேர்த்து வைத்தார். கையைக் கட்டினார். இமை பாதி இறங்கியது. உடனே திறந்துகொண்டது. மறுபடியும் அப்படியே. மூன்றாந்தடவை அவர் முயற்சி செய்யவே இல்லை. தன் பாதத்தையே பார்த்துக்கொண்டு நின்றார், வேறு யாருடையதோ என்கிற மாதிரி.

பெண்களே, அந்த இடத்தில் நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்? "பாத்தீங்களா, நான் சொல்லல?" என்பீர்கள். நானும் அதைத்தான் எதிர்பார்த்தேன், அவர் என்மேல் பழி போட்டதற்கு அது பத்தாது என்றுகூட நினைத்தேன். மேடம், "வெயிலு ஜாஸ்தி, உட்காருங்க ஐயா, தண்ணி குடிங்க" என்று நாற்காலியை இழுத்துப் போட்டார். அவர் தண்ணீர் குடிக்கும்போது, மேடம் கீழே உட்கார்ந்து அவருடைய வலது காலைத் தூக்கித் தன் முட்டிமேல் வைத்துப் பார்த்தார்.

உள்ளங்காலில், சுண்டுவிரலுக்குக் கீழே ஒரு ஜல்லிச் சில்லு பதிந்திருந்தது. அன்றைக்கு ஏறினதில்லை. சுற்றிச் சதை வெள்ளையாய் ஊறி, உள்ளே கருத்து, நாற்றம் எடுத்திருந்தது.

"இது எப்போ ஏறிச்சுங்க?"

"எது?" என்றார் அவர்.

அந்த ஒரு வார்த்தைக்குப் பந்தலில் சுண்டல் மெல்லுகிற சத்தம் நின்றது. தலைவர் எட்டிப் பார்த்தார். பார்த்துவிட்டு, "அது கல்லீரலுக்கு உள்ள அக்குபிரஷர் புள்ளி" என்றார்.

"இப்பவே ஆஸ்பத்திரிக்குப் போகணும்" என்றார் மேடம்.

"வலிக்கவே இல்லியே. நாளைக்கு வாரேன். ஃபங்ஷன் பாதியில எந்திரிச்சுப் போனா நல்லாவா இருக்கும்?"

அவர் கண் ஆபீசர்கள் வரிசைமேல் இருந்தது. அவர்கள் முன்னால் நொண்டிக்கொண்டு போவதைவிடக் காலே போனால் பரவாயில்லை என்கிற முகம். மேடம் கெஞ்சினார், அழுகல் மேலே ஏறும் என்றார், காலையே எடுக்க வேண்டி வரும் என்றார். "வலிச்சா நானே வரமாட்டனா?" என்றார் அவர். மாலையைக் கழற்றக்கூட இல்லை.

அப்போது பெண்கள் வரிசையிலிருந்து கோமதியம்மா எழுந்து வந்தார். இறுகின கையைத் தூக்க முடியாமல் மற்ற கையை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றார்.

"ட்ரெய்னிங் பயலுவ வந்தா வீட்டுக்கு வந்து என்ன சொல்லி ஏசுவிய? பேனல்ல செவப்பு லைட்டு எரியல சார், பெல்ட்டு நல்லாத்தான் ஓடுதுன்னு ஒருத்தன் சொன்னாம்னு அன்னைக்குச் சோறு திங்காம குதிச்சியளே, என்ன சொன்னிய?"

அவர் கழுத்து மாலையிலிருந்து ஒரு பூவைப் பிய்த்தார்.

"சொல்லுங்க. எல்லாரும் கேக்கட்டும்."

"லைட்டு எரியலன்னா..." அவர் குரல் இறங்கிப்போனது. "முதல்ல பல்பைப் பாருலேன்னு சொல்லுவேன்."

"வலிச்சா வாரேங்கியளே, அங்க பல்பு இருக்கா?"

அவர் மாலையைக் கழற்றி நாற்காலியில் வைத்தார். "ஆட்டோ இருக்கா?" என்று கேட்டார்.

ஆட்டோவில் அவர் கால் என் மடியில் துண்டில் சுற்றி இருந்தது. முன்னால் டிரைவரோடு மேடம், சாருக்கு அந்தப் பக்கம் கோமதியம்மா. பாதி வழியில் சார் என் பக்கம் சாய்ந்து மெதுவாகக் கேட்டார்.

"ஏம்மா, நிசமாவே நீங்க இழுக்கலையா?"

"இல்லீங்க சார். புடிச்சேன்."

அதற்குப் பிறகு அவர் வெளியே பார்த்துக்கொண்டே வந்தார்.

ஆஸ்பத்திரியில் சுண்டுவிரலை எடுக்க வேண்டியிருந்தது. எலும்புவரை போயிருந்தது. பாதம் தப்பியது, இன்னும் கொஞ்சம் நாள் ஜல்லியில் சுற்றியிருந்தால் முழங்காலுக்குக் கீழே இருந்திருக்காது என்றார்கள். சங்கத்துக்காரர்கள் ஆப்பிளோடு வந்து பார்த்தார்கள். கட்டிலைச் சுற்றி நின்று கலந்து பேசி, தப்பு எங்கே நடந்தது என்று கண்டுபிடித்தும் விட்டார்கள். எட்டை இடது வளைவில் ஆரம்பிப்பதற்குப் பதிலாக அவர் வலது வளைவில் ஆரம்பித்துவிட்டாராம். போகும்போது ஒருவர் மேடத்திடம், எங்கள் ஜல்லியைக் குறை சொல்லக் கூடாது என்று கேட்டுக்கொண்டார்.

புண் ஆறின பிறகு சார் நம் ரூமுக்கு வந்தார். இங்கேதான் வேலை இன்னும் கஷ்டமானது. கம்பியைப் பிடித்து நிற்க, கண்ணை நம்பி மெதுவாக நடக்க, தினமும் கண்ணாடி வைத்து உள்ளங்காலைப் பார்க்க அவருக்குப் பழக்க வேண்டும். அதற்கு முன்னால் எந்த இடத்தில் உணர்ச்சி இருக்கிறது, எந்த இடத்தில் இல்லை என்று தெரிய வேண்டும். கண்ணை மூடிப் படுக்கச் சொல்லி, மேடம் பஞ்சால் காலைத் தொடுவார். தொட்டது தெரிந்தால் சொல்ல வேண்டும்.

"தெரியுது" என்பார். "தெரியுது. ம், தெரியுது." நல்ல கெத்தாகச் சொல்லுவார். மேடம் பஞ்சைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா நிற்பார். அப்போதும் "தெரியுது" என்று வரும். நான் வாயைப் பொத்திக்கொள்வேன். மேடம், "சரிங்க ஐயா, நாளைக்குப் பாப்போம்" என்று பஞ்சைக் குப்பைக் கூடையில் போடுவார். மறுநாளும் அதேதான். எத்தனை பஞ்சு போயிற்றோ.

"பொய் சொல்றாருன்னு சொல்லிட்டா என்ன மேடம்?" என்று ஒருநாள் கேட்டேன்.

"நான் சொன்னா, என்கிட்ட மட்டும் உண்மை சொல்லுவாரு அக்கா. வூட்டுக்குப் போனா காலுல உணர்ச்சி இல்லன்னு அவருக்கே யாரு சொல்றது?"

கோமதியம்மாவுக்கும் அந்த நேரம்தான் முறை. திரைக்கு அந்தப் பக்கம் கப்பிக் கயிற்றை இழுத்துக்கொண்டிருப்பார். சார் சொல்லும் ஒவ்வொரு "தெரியுது"வும் அவருக்கு நன்றாகக் கேட்கும். ஒருநாளும் இல்லாமல் அந்த வாய் மட்டும் அப்போது மூடியே இருக்கும்.

அப்புறம் ஒரு காலையில், மேடம் குதிகாலைத் தொட்டார். சார் பேசவில்லை. பாதத்தின் நடுவில் தொட்டார், விரல் போன இடத்தின் ஓரத்தில் தொட்டார். சார் நெற்றியைச் சுருக்கிக்கொண்டு கிடந்தார், தூரத்தில் யாரோ கூப்பிடுகிற மாதிரி கூர்ந்து கேட்டுக்கொண்டு.

"ஐயா?"

"தெரியல" என்றார் அவர். பிறகு இன்னும் சத்தமாக, திரைக்கு அந்தப் பக்கமும் கேட்கட்டும் என்பதுபோல், "எதுவுமே தெரியல மேடம். ரொம்ப நாளாவே தெரியல."

மேடம் பேனாவை எடுத்து அவர் காலிலேயே கோடு போட ஆரம்பித்தார், எதுவரைக்கும் இல்லை என்று. கப்பிச் சத்தம் நின்றுபோயிருந்தது. நான் திரையை விலக்கிப் பார்த்தேன். கோமதியம்மாவின் கை மேலே பாதியில் நின்றுகொண்டிருந்தது, முகம் கோணவே இல்லை.

"இதைச் சொல்லுததுக்கு ஒரு விரலைக் குடுத்தாச்சு" என்றார். கயிற்றை மறுபடி இழுத்தார்.